ஆவணியில் மீட்கப் போன காணி

என் மாமாவுக்கு இரண்டே பேரில்தான் பக்தி. ஒருவர் நல்லூர்க் கந்தன். மற்றவர் உலாந்தாக்காரன், அதாவது டச்சுக்காரன். உலாந்தாக்காரன் கோட்டையை வெள்ளைக்காரனிடம் கொடுத்துவிட்டுக் கப்பலேறிய பிறகு எத்தனை தலைமுறை கழிந்துவிட்டது! மாமா மட்டும் அவனை விடுவதாக இல்லை. வேலிச் சண்டையோ, கிணற்றுப் பங்கோ, சீதன வழக்கோ, யார் எதைக் கதைக்க வந்தாலும் "உதெல்லாம் உலாந்தாக்காரன் அண்டைக்கே எழுதி வைச்சிட்டான்" என்று தொடங்கிவிடுவார். அவர் நாலாம் வகுப்போடு படிப்பை விட்டவர். ஆனால் தேசவழமைச் சட்டத்தில் தனக்கு வசதியான பகுதிகள் அத்தனையும் மனப்பாடம்.

அவர் சொன்னது பொய்யில்லை. பிற்காலத்தில் நான் பள்ளிக்கூடத்தில் சரித்திரம் படிப்பிக்கப் போனபோது அதைத் தேடி வாசித்திருக்கிறேன். புகையிலைக்கும் யானைக்கும் சாயவேருக்கும் வந்த கொம்பனிக்காரன், எங்கள் ஆட்களின் கடன் வழக்குகளையும் காணி வழக்குகளையும் தீர்க்க முடியாமல் திண்டாடி, எங்கள் வழக்கங்களையே எழுதுவித்து, பன்னிரண்டு முதலிமாருக்குக் காட்டிச் சரிபார்த்துச் சட்டமாக்கினான். கந்தோர் என்ற சொல்லையும் லாச்சி என்ற சொல்லையும் தந்துவிட்டுப் போனவனும் அவன்தான். ஒன்று காசுக்குக் கணக்குப் பார்க்கிற இடம், மற்றது காசைப் பூட்டி வைக்கிற இடம். ஆளைப் பற்றி இதற்கு மேல் நான் என்ன சொல்ல?

ஒற்றி என்பது அந்தச் சட்டத்தில் உள்ள ஒரு சங்கதி. காசு வேண்டியவன் காணியைக் கொடுப்பான், காசு கொடுத்தவன் காணியைச் செய்வான். வட்டி கிடையாது, விளைச்சல்தான் வட்டி. வாங்கின முதலைத் திருப்பிக் கொடுத்தால் காணி திரும்ப வரும். எங்கள் அம்மாவின் சீதனக் காணி மாமாவிடம் ஒற்றியில் கிடந்தது. மாமா என்றால் வேறு யாருமில்லை, அம்மாவின் சொந்தத் தமையன்.

அக்காவின் கலியாணத்துக்குத்தான் அந்தக் காணியை ஒற்றி வைத்தார்கள். மாப்பிள்ளை வீட்டார் டொனேசன் என்று காசாகக் கேட்டார்கள். ஐயா உரும்பிராயில் ஒரு சுருட்டுக் கொட்டிலில் கூலிக்குச் சுருட்டுச் சுற்றுகிறவர். அவரிடம் காசு எங்கே இருந்தது? "அக்காவுக்குக் காசு, தங்கச்சிக்குக் காணி" என்று அம்மா அன்றைக்கே சொல்லிவிட்டா. தங்கச்சி நான். ஆகவே மாமாவிடம் கிடந்தது வெறும் காணி இல்லை, என் கலியாணம்.

காணி எங்கள் வீட்டுக்குப் பின்னால், வேலிக்கு அந்தப் பக்கம். நல்ல செம்மண், கிணறு, கிணற்றடியில் ஒரு மாமரம். அம்மா கலியாணமாகி வந்த ஆண்டில் நட்ட மரம். குசினி யன்னலால் பார்த்தால் எல்லாம் தெரியும். மாமாவின் ஆட்கள் எங்கள் கிணற்றில் இறைத்து எங்கள் மண்ணுக்குத் தண்ணீர் கட்டுவதைப் பார்த்தபடிதான் அம்மா பத்து வருசமாகச் சோறு வடித்தா. நான் சின்னப் பிள்ளையாக இருந்தபோது அங்கே கொத்துகிறவர்களின் மண்வெட்டியில் சில வேளை பச்சை பிடித்த செப்புக் காசு வரும். ஒரு பக்கம் சிங்கம், மறுபக்கம் ஒன்றுக்குள் ஒன்று கொழுவிய எழுத்துகள். கொம்பனிக் காசு. கோடு கீறி விளையாடும்போது எறிவதற்கு நல்ல பாரம். "செல்லாக் காசை வைச்சு விளையாடாமல் வந்து தேங்காயைத் துருவு" என்று அம்மா கத்துவா.

ஐயா அந்தக் காணியை மீட்பதற்கென்றே உழைத்தார். கொட்டிலில் சுற்றுகிறவர்களுக்கு நாளும் இரண்டு மூன்று சுருட்டுச் சும்மா கொடுப்பார்கள். ஐயா அதைப் பற்றவைத்ததே இல்லை, சந்தியில் கடைக்காரனுக்கு விற்றுவிடுவார். ஞாயிற்றுக்கிழமை புத்தூரில் வேறொரு கொட்டிலுக்குப் போவார். சேர்ந்த சில்லறையை முதலாளியிடம் கொடுத்து நூறு ரூபாய்த் தாளாக மாற்றிப் பால்மா வந்த தகர ரின்னுக்குள் வைத்து முகட்டு வளையில் சொருகிவிடுவார். வங்கியில் போடச் சொல்லி நான் சொல்லியிருக்கிறேன். "அங்கை போனால் இங்கிலீசிலை கேப்பான்கள் பிள்ளை. ரின் ஒண்டும் கேக்காது" என்பார்.

எழுபதாம் ஆண்டு ஆனி மாதம் எனக்குப் புத்தூரிலிருந்து ஒரு சம்பந்தம் வந்தது. மாப்பிள்ளை வாத்தியார். ஒருமுறைதான் பார்த்தேன். தேத்தண்ணிக் கோப்பையைத் தானே கொண்டுவந்து குசினி வாசலில் வைத்துவிட்டுப் போனார். எனக்கு அவரைப் பிடித்துவிட்டது. இதில் வெட்கப்பட என்ன இருக்கிறது? அவருடைய தாய் ஒரே பேச்சில் முடித்துவிட்டா. "காணியை மீட்டு பிள்ளையின்ரை பேரிலை எழுதுங்கோ. தையிலை கலியாணத்தை வைப்பம்."

ரின்னைத் திறந்து பார்த்தோம். காசு சரியாக இருந்தது. மாமாவும் அந்த நேரம் மிளகாயைப் பிடுங்கி முடித்துவிட்டார், காணி வெறுமையாகக் கிடந்தது. ஐயா அன்றைக்கே போகச் சால்வையை எடுத்தார். அம்மாதான் மறித்தா.

"இஞ்சாருங்கோ, ஆடி பிறக்கப் போகுது. ஆடியிலை ஆரும் சீதனக் காணி மீட்கிறதே? பிள்ளை வாழ வேண்டாமே?"

ஐயா சால்வையைக் கொடியில் போட்டார். சாத்திரியாரிடம் போனோம். அவர் ஆவணியில் ஒரு வெள்ளிக்கிழமையைக் குறித்துத் தந்தார். எங்கள் ஊரில் யாரைக் கேட்டிருந்தாலும் அதைத்தான் சொல்லியிருப்பார்கள். ஆடியில் ஒரு உலக்கை கூட வாங்கமாட்டோம்.

அந்த ஆடி முழுவதும் மாமா காணியில் மாட்டுப்பட்டி அடைத்தார். பிறகு லொறியில் குழை வந்து இறங்கியது. ஆட்கள் சால் வெட்டிக் குழையைத் தாட்டார்கள். அம்மா யன்னலடியில் நின்று பார்த்துக் கண் கலங்கினா. கவலையில் இல்லை. "அண்ணைக்கு நாங்கள் மீட்கப் போறது தெரியும். மருமகளுக்குக் குடுக்க முன்னம் நிலத்துக்குப் பசளை போட்டுத் தாறார். எவ்வளவு சிலவு தெரியுமே!" என்றா. நாங்களும் நம்பினோம். தமையன் அல்லவா?

ஆவணி வெள்ளிக்கிழமை வெற்றிலைத் தட்டத்தில் காசை வைத்துக்கொண்டு மூன்று பேரும் மாமா வீட்டுக்குப் போனோம். மாமா விறாந்தையில் சாய்மனைக் கதிரையில் இருந்தார். தட்டத்தைப் பார்த்தார். தொடவில்லை.

"என்ன மச்சான், இப்ப வந்து நிக்கிறீர்? நான் எருப் போட்டு, குழை தாட்டு, புகையிலைக்கு ஆயத்தப்படுத்திப் போட்டன். இனி உந்தப் பயிர் எடுக்குமட்டும் காணி என்ரை கையிலைதான்."

ஐயாவுக்கு விளங்கவில்லை. "ஒற்றிக் காசு முழுக்கக் கொண்டு வந்திருக்கிறன்" என்றார்.

"காசு கொண்டு வந்தால் போதுமே? பயிர் எடுத்த கையோடை, அடுத்த பயிருக்கு நான் கை வைக்க முன்னம் கேக்கவேணும். அதுதான் தேசவழமை. நானே எழுதினனான்? உலாந்தாக்காரன் எழுதினது. ஆடி பிறக்க முன்னம் காணி சும்மா கிடந்தது, அப்ப வந்து கேட்டிருக்கலாமே?"

"அண்ணை, ஆடியெண்டுதானே..." என்று அம்மா வாயெடுத்தா.

"ஆடி உனக்கு. உலாந்தாக்காரனுக்கு ஏது ஆடி? பங்குனி கழிய வாங்கோ."

சிரித்துக்கொண்டுதான் சொன்னார். மாமியைக் கூப்பிட்டு எங்களுக்குப் பாயாசம் கொடுக்கச் சொன்னார். நாங்களும் குடித்தோம். குடிக்காமல் வந்தால் தமையன் வீட்டை அவமதித்ததாகிவிடுமாம். எனக்கு அந்தக் கோப்பையை அவர் தலையில் கவிழ்க்க வேண்டும் போலிருந்தது.

படியிறங்கும்போது ஐயா, இந்தக் காசை இனித் தபால் கந்தோர்ச் சேமிப்பில் போடப் போவதாகச் சொன்னார். மாமா அதற்கும் புத்தி சொன்னார். "உந்த வேலை ஏன்? பங்குனியிலை எனக்குத் தரப்போற காசுதானே. வீட்டிலை கிடக்கட்டும்." பால்மா ரின் திரும்பவும் முகட்டுக்குப் போனது. மாப்பிள்ளை வீட்டார் முணுமுணுத்தார்கள், பிறகு சித்திரை வரை பொறுக்கச் சம்மதித்தார்கள்.

ஐப்பசி பிறந்து, தீபாவளிக்குச் சேலை எடுத்த கிழமை. கொட்டிலில் சுருட்டுச் சுற்றுகிறவர்களுக்குக் கையில்தான் வேலை, காது சும்மா இருக்கும். ஆகவே ஒருவர் நடுவில் இருந்து பேப்பரை உரத்து வாசிப்பார். அன்று காலை அவர் வாசித்த முதல் செய்தி, ஐம்பது ரூபாய்த் தாளும் நூறு ரூபாய்த் தாளும் இனிச் செல்லாது என்பது. குறித்த நாளுக்குள் வங்கியில் ஒப்படைக்க வேண்டும், அதற்குப் பிறகு வெறும் கடதாசி. ஐயா மடியில் கிடந்த புகையிலையோடு எழுந்து நின்றாராம். வீட்டுக்கு ஓடி வந்தவரின் வேட்டியில் அந்தத் தூள் அப்படியே இருந்தது.

"பிள்ளை, நாளைக்கு என்னோடை வங்கிக்கு வா. உனக்கு இங்கிலீசு தெரியும்" என்றார். பயந்துதான் இருந்தார். ஆனால் அதில் பயப்பட ஒன்றுமில்லை. எங்கள் காசு கொஞ்சம், நேர்மையான காசு. கொண்டுபோய்க் கொடுத்திருந்தால் பேசாமல் முடிந்திருக்கும்.

மத்தியானம் மாமா வந்தார். எங்கள் வீட்டுக்கு அவர் எப்போதும் முன்படலையால், குடையோடு, ஊர் பார்க்க வருகிறவர். அன்று பின்வேலிப் பொட்டு ஓட்டைக்குள்ளால் குனிந்து வந்தார். கையில் பனையோலை உமல் பை. அதற்குள் காய்ந்த மிளகாய்க்கு அடியில் கட்டுக் கட்டாக நூறு ரூபாய்த் தாள்கள். ஐயாவின் காசைப் போல மூன்று மடங்கு இருக்கும். வரி கட்டாத புகையிலைக் காசு, மிளகாய்க் காசு.

"மச்சான், என்ரை பேரிலை போட ஏலுமான அளவு போட்டாச்சு. இதையும் போட்டால் வருமானவரிக்காரன் வந்து நிப்பான். உம்மடை காசோடை சேர்த்து உம்மடை பேரிலை போட்டுவிடும்."

ஐயா தன் உள்ளங்கைகளை விரித்துக் காட்டினார். புகையிலைக் காறல் ஏறிக் கறுத்த கைகள். "நான் சுருட்டுச் சுத்துறவன். இவ்வளவும் எங்காலை எண்டு கேப்பானே?"

"மகளின்ரை சீதனக் காசு எண்டு சொல்லும். ஆர் மாட்டன் எண்டுறது? இஞ்சை பாரும், இந்த உதவியைச் செய்தால் நீர் பங்குனிமட்டும் பாத்துக்கொண்டிருக்கத் தேவையில்லை. தை பிறந்த உடனை காணியை எழுதித் தாறன்."

ஆவணியில் மலைபோல நின்ற உலாந்தாக்காரனின் சட்டம் ஐப்பசியில் ஒரு உமல் பைக்குள் அடங்கிவிட்டது. அம்மா ஐயாவைப் பார்த்தா. "அண்ணை கேக்கிறார்" என்றா, அவ்வளவுதான். தையிலேயே கலியாணம் நடக்கும் என்று எனக்குள்ளே ஒரு சந்தோசம் எழும்பியது. அதை இன்றைக்கும் மறக்கவில்லை. ஐயா பையை வாங்கினார்.

யாழ்ப்பாணத்தில் வங்கி வாசலில் சனம் கோயில் தேர் பார்க்க நிற்பதுபோல் நின்றது. தலையணைக்குள் தைத்து வைத்திருந்த தாள்களைப் பஞ்சோடு கொண்டுவந்த ஒரு மனுசி எங்களுக்கு முன்னால் நின்றா. "கறையானுக்குத் தப்பினது கொழும்பானுக்குத் தப்பேல்லை" என்று யாரோ பகிடி விட்டார்கள். கொஞ்சப் பேர் சிரித்தார்கள். உள்ளே இருந்த எழுதுவினைஞர் காசைப் பார்த்தார், ஐயாவின் கையைப் பார்த்தார். "என்ன தொழில்?" என்று தமிழில்தான் கேட்டார். ஐயா "சுருட்டு" என்றார். "சொந்தக் கொட்டிலோ?" "இல்லை, கூலிக்கு." அவர் மேலே ஒன்றும் கேட்கவில்லை. எதையோ சிவப்பு மையில் குறித்துக்கொண்டார்.

தை பிறக்குமுன் வருமானவரிக் கந்தோரிலிருந்து அழைப்பு வந்தது. ஐயா போனார். சீதனக் காசு என்றார். யார் தந்தது, எந்தக் காணியை விற்றது என்று கேட்டார்கள். ஐயாவுக்குப் பொய் சொல்லிப் பழக்கமில்லை, இரண்டாவது கேள்வியிலேயே தடக்குப்பட்டுவிட்டார். பிறகு மாமாவையும் கூப்பிட்டு விசாரித்தார்கள். மாமா வெள்ளை வேட்டி, நெற்றி நிறைய விபூதியோடு போய், "என்ரை தங்கச்சி குடும்பம் பாவம், கஷ்டப்பட்ட சனம். உவருக்கு இவ்வளவு காசு எப்பிடி வந்ததெண்டு எனக்கே அதிசயமாக் கிடக்கு" என்று சொல்லிவிட்டு வந்தார். இதை அவரே எங்களுக்குச் சொன்னார், தன் சாமர்த்தியத்தை நாங்கள் மெச்ச வேண்டும் என்பதுபோல. விசாரணை முடியுமட்டும் அந்தக் காசில் யாரும் கைவைக்கக் கூடாது என்று கடிதம் வந்தது. மாமாவின் காசும் மாட்டிக்கொண்டது. அதோடு சேர்ந்து, சும்மா கிடைத்த சுருட்டுகளை விற்று ஐயா சேர்த்த காசும் மாட்டிக்கொண்டது.

தைப்பொங்கல் கழிந்து ஐயா காணியைக் கேட்கப் போனார். நானும் போனேன். மாமா இந்த முறை சிரிக்கவில்லை.

"காணியோ? முதல் என்ரை காசு எங்கை?"

"அது வங்கியிலை மாட்டிப் போச்சு எண்டு உமக்குத் தெரியும்தானே."

"ஆற்றை பேரிலை கிடக்கு? உம்மடை பேரிலை. நான் உம்மடை கையிலை தந்தனான், நீர் எனக்குத் தரவேணும். இல்லையெண்டால் காணியை அறுதியா என்ரை பேருக்கு எழுதிவிடும். ஒற்றிக் காசும் இந்தக் காசும் சேர்த்தால் காணியின்ரை விலை சரி."

கணக்குச் சரியாகத்தான் வந்தது. அதுதான் என்னை இன்னும் எரிக்கிறது. நான் வீட்டுக்கு வந்து கத்தினேன். வரிக் கந்தோருக்குப் போய் உண்மையைச் சொல்லுங்கோ, இது மாமாவின் கள்ளக் காசு என்று சொல்லுங்கோ என்றேன். அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதா. "என்ரை அண்ணையை விலங்கு மாட்டி மறியலுக்கு அனுப்பச் சொல்லுறியோ? என்ரை தேப்பன் சாகேக்கை என்னை அவரின்ரை கையிலைதானே பிடிச்சுக் குடுத்தவர்." ஐயா கொடியில் கிடந்த சால்வையை எடுத்தார்.

நொத்தாரிசு வீட்டில் மாமாவின் பேருக்குக் காணி உறுதி எழுதினார்கள். அம்மாவின் காணி, ஆனால் புருசன் சம்மதித்துக் கையெழுத்து வைக்காமல் பெண்சாதி விற்க முடியாது. அதுவும் தேசவழமைதான். ஆகவே மீட்பதற்கென்று பத்து வருசம் பாடுபட்ட மனிதனே விற்பதற்கும் கையெழுத்து வைக்க வேண்டியிருந்தது. "பெறுமதிப் பணம் முழுவதும் பெற்றுக்கொண்டோம்" என்று நொத்தாரிசு வாசித்தபோது ஐயா நிமிர்ந்து மேசையைப் பார்த்தார். மேசையில் மைக்கூடு மட்டும் இருந்தது. கையெழுத்து வைத்தார்.

புத்தூரிலிருந்து தரகர் வந்து, பொருத்தம் திரும்பப் பார்த்ததில் செவ்வாய் சரியில்லையாம் என்றார். ஆனியில் சரியாக இருந்த செவ்வாய். அந்த வாத்தியார் அடுத்த ஆவணியில் அச்சுவேலியில் கலியாணம் செய்தார் என்று கேள்விப்பட்டேன். அதன் பிறகும் இரண்டு சம்பந்தம் வந்தது. காணி எங்கே என்று கேட்டார்கள், போய்விட்டார்கள். நான் படிப்பிக்கப் போனேன்.

மாமாவுக்கு அடித்தது யோகம். அரசாங்கம் வெளிநாட்டு மிளகாயையும் வெங்காயத்தையும் நிறுத்தியது. யாழ்ப்பாணத்து மிளகாய் பொன் விலை விற்றது. எங்கள் கிணற்றில் துலா போய் மிசின் வந்தது. விடியப்புறம் அது இறைக்கத் தொடங்கினால் எங்கள் வீட்டுச் சுவர் அதிரும். அந்தச் சத்தத்தோடுதான் ஐயா எழும்பிக் கொட்டிலுக்குப் போவார். அவர் எதைப் பற்றியும் முறைப்பட்டதில்லை. சும்மா கிடைக்கும் சுருட்டை மட்டும் இப்போது விற்காமல் பற்றவைக்கத் தொடங்கினார். சில வருசங்களில் நெஞ்சு வருத்தம் வந்து செத்துப் போனார்.

அவர் செத்துப் பல காலம் கழித்து, எண்பதுகளின் தொடக்கத்தில், வரிக் கந்தோர் விசாரணையை முடித்தது. வரியும் தண்டமும் போக மிச்சம் உரித்தாளிகளுக்கு என்று எழுதியிருந்தார்கள். நான் கூட்டிக் கழித்துப் பார்த்தேன். கிட்டத்தட்ட அந்தப் பால்மா ரின்னுக்குள் இருந்த அதே தொகை. எழுபதில் அது ஒரு தோட்டக் காணியின் ஒற்றி. இப்போது விலைவாசி ஏறிய ஏற்றத்தில் ஒரு நல்ல பசு மாடு வாங்கலாம். காசு கைக்கு வந்த மாதம், ஆனிக் கடைசியில், அம்மா போய்விட்டா.

அம்மாவின் அந்தியேட்டி, முப்பத்தோராம் நாள் கிரியை, ஆடியில் வந்தது. மாமா வந்து சாப்பிட்டார். கை கழுவிவிட்டு என்னைக் குசினிப் பக்கம் கூப்பிட்டார். வயதாகிக் குரல் நடுங்கினாலும் கேள்வி நடுங்கவில்லை.

"பிள்ளை, வங்கிக் காசு விடுபட்டிட்டுதாமே. அதிலை முக்காற்பங்கு என்ரை எண்டு உனக்குத் தெரியும்தானே?"

காணியையும் எடுத்துக்கொண்டு, அந்தக் காணியை எந்தக் காசுக்காக எடுத்தாரோ அதையும் கேட்கிறார். எனக்குக் கோபம் வரவில்லை. அது எப்போதோ வந்து முடிந்துவிட்டது.

"ஆடி நடக்குது மாமா" என்றேன். "ஆடியிலை ஆரும் காசு குடுக்கிறதே?"

விளங்கியதோ இல்லையோ, வேலிப் பொட்டுக்குள்ளால் குனிந்து போனார். கொடுப்பதற்கு என்னிடம் ஒன்றும் இருக்கவில்லை. அம்மா செத்த அன்று எரிக்க விறகு கிடைக்காமல் திண்டாடினோம். மாமாதான் ஆள் அனுப்பினார். கிணற்றடி மாமரம் பட்டுப்போய் நிற்கிறது, தறியுங்கோ, விலையைப் பிறகு பார்ப்போம் என்று. எட்டாம் நாள் எட்டுச் செலவு முடிந்த அடுத்த நாளே மரத்துக்கு விலை கேட்டு ஆள் வந்தான். வங்கிக் காசில் பறைக்கும் பந்தலுக்கும் சோற்றுக்கும் கொடுத்தது போக மீதி முழுவதையும் எண்ணி அவருடைய ஆளிடம் கொடுத்துவிட்டேன்.

ஐயா மீட்பதற்கென்று சேர்த்த காசில் அந்தக் காணியிலிருந்து எங்களுக்குத் திரும்பி வந்தது அம்மா நட்ட அந்த ஒரு மரம்தான். அதையும் அவவோடு சேர்த்து எரித்தோம்.